நாலு மணி நேர வேண்டுதல்

எங்கள் மதினி முனீஸ்வரிக்குப் பெருமாள் மேல் தனியாக ஒரு பிரியமும் கிடையாது. அவள் பிறந்த வன்னியம்பட்டியில் அவர்கள் வீட்டுக்கு அய்யனார் போதும். கல்யாணமாகி ராஜபாளையத்துக்கு வந்த மூன்றரை வருஷத்தில் புரட்டாசி மாசத்துக்காக அவள் செய்த ஒரே காரியம் கருவாடு இல்லாமல் சாப்பிட்டது. அதையும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் செய்வாள். அப்பேர்ப்பட்டவள் போன புரட்டாசியில் நாலு சனிக்கிழமையும் வெறுங்காலோடு திருவண்ணாமலைக்கு நடப்பதாக வேண்டிக்கொண்டாள். பெரிய திருவண்ணாமலை இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பக்கத்தில் குன்று மேல் பெருமாள் நிற்கிற எங்கள் திருவண்ணாமலை. எங்கள் தெருமுனையிலிருந்து அந்த அடிவாரம் வரை போனில் அளந்து பார்த்தால் பதினாறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம்தான் குறையும்.

அந்தப் பதினாறில்தான் விஷயமே இருக்கிறது.

மதினி படித்தது பி.எஸ்சி. தாவரவியல். பார்த்த வேலை பேண்டேஜ் கம்பெனியில். ஆஸ்பத்திரிக்குப் போகிற கட்டுத்துணியைச் சுருட்டு சுருட்டாகப் பார்த்து, நூல் பிரிந்ததை ஒதுக்கி, நல்லதை உறையில் போட்டு ஒட்ட வேண்டும். காலை ஒன்பதிலிருந்து சாயங்காலம் ஆறு வரை நின்ற வாக்கில். இந்த வேலைக்குத் தாவரவியல் எதற்கு என்று ஒருநாள் கேட்டேன். துணி பருத்தியிலிருந்துதானே வருகிறது என்றாள். சிரிக்காமல் சொன்னாள். அதனால்தான் அவளை எனக்குப் பிடித்துப் போனது.

ராத்திரிச் சோறு முடிந்ததும் புத்தகத்தை எடுத்துவிடுவாள். அரசாங்கப் பரீட்சை. முதல் தடவை கிடைக்கவில்லை, இரண்டாவது தடவையும் இல்லை. சில பேருக்குச் சளி பிடித்தால் விடாது என்கிற மாதிரி மதினிக்குப் பரீட்சை என்று வீட்டில் எல்லாரும் பழகிவிட்டோம். அம்மா வெள்ளைத்தாய் அதற்குத் தடை சொன்னதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். அவள் படிக்கிற நேரத்தில் டி.வி. சத்தத்தைக் குறைத்து வைத்தது அம்மாதான். அம்மாவுக்கு வேறு ஒரு கவலை. மாசா மாசம் அம்மா காலண்டரைப் பார்ப்பாள். அந்த நேரம் மதினி அம்மாவைப் பார்க்க மாட்டாள். மூன்றரை வருஷமாகிறது, மூன்றரைக்கு ஒன்றாவது இருக்க வேண்டாமா என்று தெருவில் கேட்கிறார்கள் இல்லையா.

மூன்றாவது தடவை எழுதியதில் மதினிக்கு நம்பர் வந்துவிட்டது. அரசாங்க ஆபீஸ் வேலை, ஃபேனுக்குக் கீழே நாற்காலி என்று அம்மா தெரு பூராவும் சொல்லிவிட்டாள். அது வனக்காப்பாளர் வேலை, காக்கிச் சட்டை போட்டுக் காட்டுக்குள் நடக்கிற வேலை என்பது மதினிக்கும் எங்கள் அண்ணன் மாரிசெல்வத்துக்கும் மட்டும் தெரியும். பொறவு எனக்கும். அவர்கள் இரண்டு பேரையும் பயமுறுத்தலாம் என்று கதவுக்குப் பின்னால் ஒளிந்து நின்றேன். கேட்டதும் பயந்தது நான்.

எழுத்துப் பரீட்சை முடிந்தாலும் இன்னொன்று பாக்கி. நடைப் பரீட்சை. பொம்பளைகளுக்குப் பதினாறு கிலோமீட்டர், நாலு மணி நேரத்துக்குள். ஒரு நிமிஷம் பிந்தினாலும் போச்சு. நான் பத்தாவதில் கணக்கில் இரண்டு தடவை போனவள்தான், ஆனால் பதினாறை நாலால் வகுக்க எனக்கும் வரும்.

அண்ணன் மில்லில் ஃபிட்டர். மெஷினோடு பேசச் சொன்னால் நாள் பூராவும் பேசுவான், அம்மாவோடு பேசச் சொன்னால் ஸ்பேனரைத் தேடப் போய்விடுவான். "அம்மாட்ட நீயே சொல்லிரேன்" என்றான்.

"பாஸானா சொல்லிக்கிடலாம்" என்றாள் மதினி. "பெயிலானா சொல்லவே வேண்டாம். இல்லாத வேலைக்கு எதுக்குச் சண்டை."

சண்டை வரும் என்பதில் மூன்று பேருக்கும் சந்தேகமில்லை.

நடைப் பரீட்சைக்கு நடந்து பழக வேண்டும். நின்று பழகுவதற்குப் பரீட்சை வைத்திருந்தால் மதினிதான் ஜில்லாவிலேயே முதல். ஒருநாள் விடிந்தும் விடியாமலும் சுடிதாரும் பழைய பூட்சுமாக ஸ்ரீவில்லிபுத்தூர் ரோட்டில் நடந்தாள். தெருமுனையில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்த சீனியம்மாள் பெரியம்மை, அம்மாவுக்கு அக்கா முறை, அதைப் பார்த்துவிட்டாள்.

பெரியம்மை மூளைக்காரி. பொம்பளைக்கு டவுன் பஸ்ஸில் டிக்கெட்டே கிடையாது. அப்படி இருக்க ஒருத்தி பஸ் ரோட்டில் விறுவிறுவென்று நடக்கிறாள் என்றால் கோபம். அதுவும் வடக்கே நடக்கிறாள். வடக்கே வன்னியம்பட்டி, அவள் ஆத்தா வீடு. ஆக வெள்ளைத்தாய் மருமகள் கோவித்துக்கொண்டு போகிறாள். குடத்தைக்கூட நிரப்பாமல் எங்கள் வீட்டுக்கு ஓடி வந்தாள். என்ன சண்டை என்று என்னிடம்தான் முதலில் கேட்டாள். மதினி பங்குக் கருவாட்டை அண்ணன் தின்றுவிட்டான் என்று சொல்லி வைத்தேன். சும்மாதான் சொன்னேன். அவள் நம்புவாள் என்று யாருக்குத் தெரியும்.

ஏழு மணிக்கு மதினி வேர்வையோடு திரும்பி வந்தபோது வீட்டில் பஞ்சாயத்து நடந்துகொண்டிருந்தது. ராத்திரி ஷிப்ட் முடிந்து வந்த அண்ணனை நடுவில் உட்கார வைத்து, "ஏலே, ஒரு கருவாட்டுக்கா இம்புட்டு" என்று அப்பா சோணைமுத்து கேட்டுக்கொண்டிருந்தார். அப்பா வருஷத்துக்கு நாலு தடவை பேசுகிறவர். அதில் ஒன்று இப்படிச் செலவாகிப் போனது. வன்னியம்பட்டியிலிருந்து மதினியின் அப்பா மொபெட்டில் கிளம்பிவிட்டாராம்.

வாக்கிங் போனேன் என்றாள் மதினி. சுகர் இருக்கிறதா என்று அம்மா கேட்டாள். இல்லை. பிரஷரா. அதுவும் இல்லை. ஒரு வியாதியும் இல்லாத பொம்பளைக்கு எதற்கு வாக்கிங் என்றாள் அம்மா. அன்றோடு வாக்கிங் முடிந்தது.

பொறவு இரண்டு வாரம் அவள் கம்பெனிக்கு பஸ்ஸில் போகாமல் நடந்து போனாள். போக மூன்று கிலோமீட்டர், வர மூன்று. ஞாயிற்றுக்கிழமை வத்தல் காயப்போடுகிற சாக்கில் மொட்டை மாடியில் சுற்றிச் சுற்றி நடந்தாள். அந்த மாடி நீளத்துக்கு முப்பது அடி. அங்கே பதினாறு கிலோமீட்டர் நடந்தால் தலைதான் சுற்றும், கால் பழகாது.

புரட்டாசி பிறந்த அன்று சாயங்காலம் அம்மா விளக்கேற்றும்போது மதினி பக்கத்தில் போய் நின்றாள். "அத்தை, நாலு சனிக்கிழமையும் திருவண்ணாமலைப் பெருமாளுக்கு நடந்து வாரேன்னு வேண்டிருக்கேன்" என்றாள்.

அம்மா தீக்குச்சியை அணைக்க மறந்து விரலைச் சுட்டுக்கொண்டாள். எதற்கு வேண்டினாய் என்று கேட்கவில்லை. மூன்றரை வருஷமாகிற மருமகள் எதற்கு வேண்டுவாள். அம்மாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. "நல்லா நடந்துட்டு வா தாயி" என்றாள்.

மதினி பொய் சொல்லவில்லை. அம்மா கேட்கவில்லை, அவள் சொல்லவில்லை. இதற்குப் பள்ளிக்கூடத்தில் வேறு பேர் சொல்வார்கள், எனக்கு மறந்துவிட்டது.

வியாதி இல்லாதவள் நடந்தால் தெருவே கேட்கிறது. வேண்டுதல் என்று நடந்தால் வழிவிட்டு நிற்கிறது. முதல் சனிக்கிழமை காலை ஐந்து மணிக்கு மஞ்சள் சேலையும் நாமமுமாக மதினி கிளம்பினாள். சீனியம்மாள் பெரியம்மை வாசலுக்கு வந்து கும்பிட்டாள். பொம்பளை ஒத்தையில் போகக் கூடாது என்று என்னைத் துணைக்கு அனுப்பினார்கள். எனக்கு வேண்டுதல் ஒன்றும் இல்லாததால் நான் சைக்கிளில் போனேன். அது மதினி பிளஸ் ஒன் படிக்கும்போது அரசாங்கம் கொடுத்த சைக்கிள். அவள் கொண்டுவந்த சீரில் இன்றுவரை ஓடுகிற ஒரே சாமான். கேரியரில் தண்ணீர், கையில் போன், போனில் டைம். கோவிந்தா என்று மூன்று தடவை சொன்னாள். கடைசிக் கோவிந்தாவுக்கு நான் பட்டனை அமுக்கினேன்.

வெறுங்கால் என்பது அவள் எதிர்பார்க்காத செலவு. வேண்டுதல் என்று சொன்ன வாயால் பூட்சு கேட்க முடியாது. தார் ரோட்டில் சிதறிக் கிடக்கிற ஜல்லி ஒன்று விடாமல் அவள் காலைத்தான் தேடி வந்தது. அடிவாரத்தில் போனைப் பார்த்தோம். நாலு மணி ஐம்பத்திரண்டு நிமிஷம். மதினி படி ஏறிப் பெருமாளைப் பார்த்துவிட்டு வந்தாள். திரும்புவதற்குப் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தவள், பஸ் கிளம்புமுன் கீழே நின்ற என்னிடம் "இன்னும் அம்பத்தி ரெண்டு" என்று ஒரு தடவை சொன்னாள். சைக்கிளில் தனியாக மிதித்து வீடு வந்த என்னை யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

இரண்டாவது சனிக்கிழமை கதவைத் திறந்தால் வாசலில் எட்டு மஞ்சள் சேலை. முன்னால் அம்மா. ஒத்தையாக நடந்தால் பெருமாளுக்குக் காது கேட்காது, நாலு பேர் சேர்ந்து கேட்டால்தான் பலிக்கும் என்று வாரம் பூராவும் தெருவில் ஆள் சேர்த்திருக்கிறாள். ஒவ்வொருத்தியும் முனீஸ்வரி வயிற்றில் ஒரு பிள்ளைக்காக நடக்க வந்திருக்கிறாள். தையல்காரி செல்லக்கனி அக்காகூட வந்திருந்தாள். அவர்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை சர்ச். கையில் பெரிய டப்பாவில் லெமன் சாதம். "சாமி வேற வேற, காலு ஒன்னுதானட்டி" என்றாள் என்னிடம்.

மதினி முகத்தை நான் அன்றைக்குத்தான் சரியாகப் பார்த்தேன். அழுகையும் சிரிப்பும் ஒரே நேரம் வந்து, எதை முதலில் விடுவது என்று தெரியாமல் இரண்டையும் பிடித்து வைத்திருந்த முகம்.

அம்மா அவள் கையை விடவே இல்லை. நடுவில் மதினி, இரண்டு பக்கமும் பெரியம்மைகள். பாலம் வந்தால் உட்கார்ந்தார்கள், டீக்கடை வந்தால் உட்கார்ந்தார்கள், வன்னியம்பட்டிக்குப் பாதை பிரிகிற விலக்கில் மதினியின் அம்மா சுக்குக் காப்பியோடு நின்றதால் அங்கே முக்கால் மணி நேரம். எனக்குப் பொறுக்கவில்லை. பத்து மணியோடு மலையில் சர்க்கரைப் பொங்கல் தீர்ந்துவிடுமாம் என்று ஒரு புளுகை அவிழ்த்துவிட்டேன். அடுத்த இரண்டு கிலோமீட்டருக்கு எட்டுப் பேரும் பறந்தார்கள். சீனியம்மாள் பெரியம்மை மதினியையே முந்தினாள். அந்த ஓட்டத்தில்தான் அம்மாவுக்கு இரண்டு உள்ளங்காலும் கொப்புளித்துப் போனது. அம்மா அதை யாரிடமும் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்து காலைக் கழுவும்போது நான் பார்த்தேன். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. அதை விடுங்கள்.

நாங்கள் எடுத்துக்கொண்டது ஆறரை மணி நேரம்.

அடுத்த புதன்கிழமை மதினி போனுக்குத் தகவல் வந்தது. நடைப் பரீட்சை சென்னைப் பக்கம். காலை ஆறு மணி. கிழமை சனி. தேதியைப் பார்த்தால் புரட்டாசி நாலாவது சனிக்கிழமை.

நாலாவது வாரத்துக்கு அம்மா பெரிய ஏற்பாடு செய்துகொண்டிருந்தாள். நடந்து முடித்து வந்ததும் வீட்டில் பெருமாளுக்குப் படையலாகத் தளிகை போட்டு, தெருவுக்கே இலை போட்டு, மதினியின் அப்பா அம்மாவையும் வரச் சொல்லி வைத்திருந்தாள். வேண்டுதலை நடுவில் நிறுத்தினால் வீட்டுக்கு ஆகாது என்பதில் எங்கள் தெருவில் இரண்டு கருத்து கிடையாது. பெருமாளிடம் கேட்டது கிடைக்க வேண்டுமானால் சனிக்கிழமை இங்கே நடக்க வேண்டும். கேட்டது கைக்கு வர வேண்டுமானால் சனிக்கிழமை அங்கே நடக்க வேண்டும். கால் என்னவோ இரண்டுதான், இரண்டும் ஒரே ஆளுடையது.

மூன்றாவது சனிக்கிழமை மற்ற பொம்பளைகளுக்கு முழங்கால் வலி. அம்மா மட்டும் வந்தாள், மதினியின் கம்பெனித் துணியையே தன் இரண்டு காலிலும் சுற்றிக்கொண்டு. நான் வம்பு பண்ணி அம்மாவைக் கேரியரில் ஏற்றினேன். வேண்டியது மதினிதானே, கூட வருகிறவள் உட்கார்ந்து வந்தால் பெருமாள் கோவிக்க மாட்டார் என்று சொன்னேன். உண்மையில் அம்மா கை மதினியைப் பிடிக்காமல் இருக்க எனக்கு வேறு வழி தெரியவில்லை.

அன்றைக்கு மதினி நடந்தது நடை. வன்னியம்பட்டி விலக்கில் அவள் அம்மா நீட்டிய காப்பியை நின்று குடிக்கவில்லை. நான் வாங்கிக் குடித்தேன். ஸ்ரீவில்லிபுத்தூர் ஊருக்குள் அவள் போன வேகத்துக்குப் பஸ்ஸுக்கு நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். ஊரைத் தாண்டி மலைக்குத் திரும்புகிற ரோட்டில் தென்னந்தோப்புப் பக்கம் வரும்போது போனில் மூன்று மணி பத்து நிமிஷம். பாக்கி மூன்று கிலோமீட்டர். முடித்துவிடுவாள் என்று எனக்கே தெரிந்துவிட்டது.

அம்மா பின்னால் உட்கார்ந்து அடுத்த வாரக் கதையைச் சொல்லிக்கொண்டே வந்தாள். எத்தனை படி அரிசி, யார் வடை சுடுவது, யார் யாருக்கு இலை. "நாலாவது வாரத்தோட அவரு கண்ணத் தொறந்துருவாரு, பாரு" என்றாள்.

மதினி தலையைத் திருப்பாமல் சொன்னாள். "நாலாவது வாரம் நான் இருக்க மாட்டேன் அத்தை. மெட்ராஸ் போறேன்."

"ஏட்டி, நில்லு."

"நிக்க முடியாது அத்தை. நின்னா நேரம் போயிரும்."

"என்ன நேரம்?"

நடந்துகொண்டே சொன்னாள். ஆபீஸ் இல்லை, காடு என்பதை. பதினாறு கிலோமீட்டரை. நாலு மணி நேரத்தை. ஏன் நடந்தாள் என்பதை. மூச்சு வாங்கியதால் ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாக வந்து விழுந்தது. நான் பக்கத்திலேயே மிதித்துக்கொண்டு வந்தேன். கொஞ்ச தூரம் போன பொறவு அம்மா, சைக்கிளை நிறுத்து என்றாள். இறங்கி ரோட்டோரக் கல்லில் உட்கார்ந்தாள்.

"அப்ப புள்ளைக்கு வேண்டலையா நீ?"

அதற்குள் மதினி இருபது முப்பது அடி முன்னால் போயிருந்தாள். அங்கேயே நின்றாள். என் கையில் போன் ஓடிக்கொண்டிருந்தது, மூன்று மணி பதினாலு. திரும்பி வந்தாள்.

"இல்லத்தை."

"இத்தன நாளும் பெருமாளை ஏமாத்திருக்க."

"அவர்ட்ட வேலைக்குன்னு சொல்லித்தான் நடந்தேன். அவருக்குத் தெரியும். ஒங்ககிட்டதான் மறைச்சேன்."

அம்மா தன் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். கட்டுத்துணி புழுதியில் செம்மண் நிறமாகிவிட்டிருந்தது. எட்டுப் பொம்பளைகளைத் தெரு வழியே கூட்டி வந்தது, சர்க்கரைப் பொங்கலுக்கு ஓடியது எல்லாம் அவளுக்கு ஞாபகம் வந்திருக்க வேண்டும். எனக்கு வந்தது.

காட்டுக்குள் ஆனை இருக்குமே என்றாள். இருக்கும் என்றாள் மதினி. ஆம்பளைகளோடு போக வேண்டுமே. பொம்பளைகளும் இருக்கிறார்கள். அம்மா கட்டுத்துணியை இழுத்துவிட்டுக்கொண்டு, "நாளைக்கு வயித்துல ஒன்னு வந்தா எப்படி மலையேறுவ?" என்று கேட்டாள்.

"லீவு உண்டு அத்தை. ஒரு வருசம்."

"ஒரு வருசம் சம்பளத்துக்கு என்ன செய்ய?"

"சம்பளத்தோடதான்."

அம்மா நிமிர்ந்து பார்த்தாள். சீனியம்மாள் பெரியம்மையின் மருமகள் யோகேஸ்வரி வேறு ஒரு கம்பெனியில் வேலை பார்த்தாள். ஐந்தாவது மாசம் தெரிந்ததும் இனிமேல் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அங்கே போய்ச் சத்தம் போட்டது எங்கள் அம்மாதான், அதில் ஒன்றும் நடக்கவில்லை. அதெல்லாம் அம்மா மனசில் ஓடியதா என்று எனக்குத் தெரியாது. அவள் கேட்டது ஒன்றே ஒன்று. "எழுதிக் குடுப்பாங்களா?"

"சட்டமே இருக்கு அத்தை."

ஒரு லாரி போனது. பொறவு ஒரு மினி பஸ் போனது. மதினி நின்றுகொண்டே இருந்தாள், நான் போனைப் பார்ப்பதை விட்டுவிட்டேன்.

"எதுக்கு நிக்க?" என்றாள் அம்மா. குரலில் கோபம் அப்படியேதான் இருந்தது. "நேரம் போவுதுன்னு சொன்னீல்ல. போ."

மதினி போனாள். போனில் மூன்று இருபத்தைந்து ஆகியிருக்க, அம்மாவை ஏற்றிக்கொண்டு நான் பின்னால் மிதித்தேன். அடிவாரத்தைத் தொட்டபோது நாலு மணி ஒன்பது நிமிஷம். நின்ற நேரம் பதினோரு நிமிஷம். கழித்தால் மூணு ஐம்பத்தெட்டு. கழிக்கலாமா கூடாதா என்று எனக்குத் தெரியவில்லை. மதினி கழிக்கவில்லை. ஆக, ஒரு தடவைகூட நாலு மணிக்குள் வராதவளாகத்தான் அவள் பரீட்சைக்குப் போக வேண்டியிருந்தது.

அந்த வாரம் எங்கள் வீட்டில் யாரும் யாரையும் திட்டவில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது. அம்மா சோறு போட்டாள், மதினி பாத்திரம் கழுவினாள், இரண்டு பேரும் என் மூலமாகப் பேசினார்கள். உப்பு கேட்டதுகூட என் வழியாக. நான் ஒரு தடவை உப்புக்குப் பதில் சீனி என்று மாற்றிச் சொல்லிப் பார்த்தேன். யாரும் சிரிக்கவில்லை. சீனியை வாங்கிக் குழம்பிலேயே போட்டுவிட்டாள் அம்மா.

வியாழக்கிழமை சீனியம்மாள் பெரியம்மை தளிகைக்கு எத்தனை தேங்காய் என்று கேட்டு வந்தாள். அம்மா முறத்தை வைத்துவிட்டு, தளிகை இந்த வாரம் இல்லை, முனீசு மெட்ராசுக்குப் பரீட்சைக்குப் போகிறாள், அந்த வேலைக்குத்தான் நடந்தாள் என்று நேராகச் சொன்னாள். உள்ளே பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த மதினி வாசல் பக்கம் எட்டிப் பார்த்தாள். பெரியம்மைக்கு வாய் மூடவில்லை. அப்போ பிள்ளைக்கு என்று கூட்டிப் போனாயே என்றாள்.

"ஒரே நடையில ரெண்டு கேக்கப்பிடாது" என்றாள் அம்மா. "அதுக்கு வேற வருசம் இருக்கு."

"சரி, நாலாவது வாரம் நடக்காம விட்டா ஆகாதே வெள்ளைத்தாயி."

"விட்டுருவோம்னு யாரு சொன்னா?"

பெரியம்மை போன பொறவும் அம்மா அதற்கு மேல் விவரம் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை சாயங்காலம் அண்ணன் லீவு போட்டு மதினியோடு ரயிலுக்குக் கிளம்பினான். புளிச்சோற்றுப் பொட்டலத்தோடு ஒரு சுருள் பேண்டேஜ் துணியையும் அம்மா பையில் வைத்தாள். வெறுங்காலில் நடந்து பழகிய கால் பூட்சுக்குள் வெந்துபோகும், முதலில் துணியைச் சுற்று, அதற்கு மேல் பூட்சைப் போடு என்றாள். ஒரு வாரத்தில் மதினியிடம் நேராகப் பேசிய முதல் பேச்சு பூட்சைப் பற்றி.

மதினிக்கு விளங்கிவிட்டது. "அத்தை, ஒங்க கால் இன்னும் ஆறல. நாளைக்கு நீங்க நடக்க வேண்டாம்."

"நீ ஒன் நடையப் பாரு" என்றாள் அம்மா.

சனிக்கிழமை ஐந்து மணிக்கு அம்மாவும் நானும் கிளம்பினோம். மருமகள் வேண்டியதை மாமியார் முடித்து வைக்கலாமா என்று கேட்டேன். வீடு ஒன்றுதானே என்றாள். கேரியரில் ஏற மாட்டேன் என்றுவிட்டாள், இன்றைக்கு நடக்கிறவள் அவள். ஆறு மணிக்கு அங்கே மதினி நடக்க ஆரம்பித்திருப்பாள். எனக்கு இரண்டு டைம் ஓடியது, அம்மாவுக்குப் போனில், மதினிக்கு மனசில். வன்னியம்பட்டி வருவதற்குள் அம்மாவுக்கு ஒரு கால் கட்டு அவிழ்ந்தது. தென்னந்தோப்புப் பக்கம் அந்தக் கல்லில் உட்கார்ந்து இரண்டாவது காலையும் மாற்றிக் கட்டினோம். பத்து மணி தாண்டியும் அண்ணனிடமிருந்து போன் இல்லை. எடுத்துப் பார்த்துப் பார்த்து நான் பேட்டரியைத் தீர்த்துவிடுவேன் என்று அம்மா போனை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள். பொறவு அவளே இரண்டு தடவை எடுத்துப் பார்த்தாள்.

அடிவாரத்தில் காலை வைத்தபோது பன்னிரண்டு பத்து. பூக்கடை நிழலில் உட்கார்ந்ததும் போன் அடித்தது. அண்ணன். போன்களை எல்லாம் உள்ளே வாங்கி வைத்துக்கொண்டார்களாம், இப்போதுதான் கொடுத்தார்களாம். பாஸ் என்றான். 

அம்மா ஒன்றே ஒன்று கேட்கச் சொன்னாள். "எம்புட்டு நேரமாம்?"

மூன்று மணி நாற்பத்தொன்று.

"நமக்கு?"

ஏழு மணி பத்து நிமிஷம் என்றேன்.

அம்மா யோசித்தாள். "அப்ப எனக்கு வேலை கிடைக்காது" என்றாள்.

சிரித்துவிட்டு முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். ரொம்ப நேரம் துடைத்தாள். படியேறுவதற்கு முன் என் காதைப் பிடித்து, "ஏழு மணி நேரம்னு அவகிட்ட சொல்லாத. அஞ்சுன்னு சொல்லு" என்றாள்.

நான் அஞ்சரை என்று சொல்லிவைத்தேன். அம்மா கால் இருந்த லட்சணத்துக்கு அஞ்சை யாரும் நம்ப மாட்டார்கள். மதினி அஞ்சரையையும் நம்பவில்லை. ஊருக்கு வந்த அன்று பையை வைத்ததும் தண்ணீரைச் சுட வைத்து, உப்புப் போட்டு, அம்மா காலடியில் கொண்டுவந்து வைத்தாள். ட்ரெய்னிங் எத்தனை மாசம், எங்கே தங்க வேண்டும், சாப்பாடு யார் கொடுப்பார்கள் என்று அம்மா கேட்டுக்கொண்டே காலை உள்ளே விட்டாள். சூடு தாங்காமல் வெளியே எடுத்தாள். "செத்த நேரம் ஆறட்டும்" என்றாள் மதினி. இரண்டு பேரும் உட்கார்ந்து ஆறுவதற்காகக் காத்திருந்தார்கள்.